பலகையைப் பார்த்து ஆணி! ஆணியைப் பார்த்து யந்திரம்!

அமெரிக்க வீடுகளில் மரத்தரை போடும் விதம்

நள்ளிரவு. வீடு முழுவதும் நிசப்தம். தொட்டிலில் குழந்தை தூங்குகிறது. தண்ணீர் குடிப்பதற்காகத் தாய் மெல்ல எழுந்து நடக்கிறாள். அறையின் நடுவே அவள் கால் வைத்ததுதான் தாமதம்...

"கிரீச்!"

தூங்கிய குழந்தை விழித்துக்கொண்டு வீரிட்டு அழுகிறது.

பேயும் அல்ல, பிசாசும் அல்ல. இந்தக் கூத்துக்கெல்லாம் காரணம் ஓர் ஆணி. இரண்டு அங்குல நீளம்கூட இல்லாத சின்னஞ்சிறு ஆணி!

அந்த ஆணியைப் பிடுங்கி எறிந்துவிடலாமே என்றால், அதுதான் முடியாது. ஆணி எங்கே இருக்கிறது என்று கண்ணுக்கே தெரியாது. அது பலகைக்குள் ஒளிந்திருக்கிறது. அதை எடுத்து மாற்ற வேண்டுமானால், ஆசை ஆசையாகப் போட்ட தரையைப் பெயர்க்க வேண்டும்!

மரமே வீடு

நம் ஊரில் தரை என்றால் சிமெண்டுத் தரை, கல் தரை, ஓட்டுத் தரை. பழைய மச்சு வீடுகளிலும் மலை நகரங்களிலுள்ள பங்களாக்களிலும்தான் பலகைத் தரையைப் பார்க்கலாம்.

அமெரிக்காவிலும் கனடாவிலும் அப்படி அல்ல. அங்கே பெரும்பாலான தனி வீடுகளின் கூடே மரத்தால் ஆனது. சுவருக்குள் இருப்பது மரச்சட்டம். தரைக்கு அடியில் வரிசையாக ஓடுவது மர உத்திரம். பெரும்பாலும் 16 அங்குலத்துக்கு ஓர் உத்திரம் இருக்கும். அதன்மேல் முக்கால் அங்குலக் கனமுள்ள ஒட்டுப்பலகையைப் பரப்புவார்கள். இது கீழ்த்தளம். இதற்கு மேலேதான் கண்ணுக்கு அழகான ஓக், மேப்பிள், ஹிக்கரி, வால்நட் போன்ற கெட்டி மரங்களின் பலகையைப் பதிப்பார்கள்.

இந்தத் தரைக்குச் செலவு அதிகம். ஆனால் ஆயுளும் அதிகம். நூறு ஆண்டுகளுக்கு முன் போட்ட ஓக் தரைகள் பல இன்னும் உழைத்துக்கொண்டிருக்கின்றன. பழசாகிவிட்டால் மேலே தேய்த்து, மெருகு கொடுத்தால் போதும். மீண்டும் புதுப்பெண் போல மின்னும்.

இவ்வளவு நீண்ட ஆயுளும் ஒரு நிபந்தனைக்கு உட்பட்டது. ஆணி சரியாக இறங்கியிருக்க வேண்டும்!

நாக்கும் காடியும்

பலகையின் மேல் ஒரே ஓர் ஆணித் தலைகூடத் தெரிவதில்லையே, பிறகு எப்படி அது தரையில் நிற்கிறது? இந்தக் கேள்வி பலருக்கு எழும்.

இதன் ரகசியம் பலகையின் ஓரத்தில் இருக்கிறது. ஒவ்வொரு பலகைக்கும் ஒரு பக்கத்தில் நீட்டிக்கொண்டிருக்கும் நாக்கு உண்டு. எதிர்ப் பக்கத்தில் அந்த நாக்கு நுழைவதற்கான காடி உண்டு. முதல் பலகையை வைத்து, அதன் நாக்குக்கு மேலே உள்ள மூலையில் 45 பாகை சாய்வாக ஆணியை இறக்குவார்கள். அடுத்த பலகையின் காடி அந்த நாக்கின்மேல் வந்து மூடிக்கொள்ளும். ஆணி மறைந்துவிடும்.

வழக்கமான பலகையின் கனம் முக்கால் அங்குலம். அகலம் இரண்டே கால் அங்குலம். நாக்கின் கனமோ கால் அங்குலம் அளவுதான். அந்த மெல்லிய இடத்தின் ஓரமாக, பிளக்காமல், சாய்வாக, ஆழம் தவறாமல் ஆணி இறங்க வேண்டும். கத்தி முனையில் நடப்பது போன்ற வேலை!

1,440 ஆணிகள்

12 அடிக்கு 15 அடி உள்ள ஒரு சாதாரண அறையை எடுத்துக்கொள்ளலாம். இரண்டே கால் அங்குலப் பலகையை 12 அடிப் பக்கமாக ஓட்டினால், மொத்தம் 80 வரிசைகள் வரும். பலகையின் நீளத்தைக் கூட்டினால் 960 அடி!

அமெரிக்காவின் தேசிய மரத்தளச் சங்கம் இதற்கு ஒரு கணக்கு வகுத்திருக்கிறது. குறுகிய பலகைக்கு 8 முதல் 10 அங்குலத்துக்கு ஓர் ஆணி இருப்பது நல்லது. மூன்று அங்குலமும் அதற்கு மேலும் அகலமுள்ள பலகைக்கு 6 முதல் 8 அங்குலத்துக்கு ஓர் ஆணி. எவ்வளவு சிறிய துண்டானாலும் குறைந்தது இரண்டு ஆணி வேண்டும்.

8 அங்குலத்துக்கு ஒன்று என்றால், மேலே சொன்ன ஒரே அறைக்கு 1,440 ஆணிகள். மூன்று அறைக்கு நாலாயிரத்துக்கு மேல்!

முற்காலத் தச்சர்கள் இத்தனையையும் கையாலேயே அடித்தார்கள். மண்டியிட்டு, சுத்தியால் அடித்து, கடைசியில் உளி போன்ற ஒரு முனையை வைத்து ஆணித் தலையை உள்ளே தள்ளினார்கள். ஒரு அடி தவறினாலும் பலகையின் விளிம்பு நசுங்கிவிடும். அந்தத் தொல்லையைத் தீர்ப்பதற்காகவே ஆணி அடிக்கும் யந்திரம் பிறந்தது.

ஒரே அடி, இரண்டு வேலை

இந்த யந்திரம் பார்ப்பதற்கு விசித்திரமாக இருக்கும். அதன் அடித்தட்டைப் பலகையின் விளிம்பில் சரியாகப் பொருத்தி வைக்க வேண்டும். அப்படி வைத்தவுடன் ஆணி இறங்கும் சாய்வும் இடமும் தாமாகவே அமைந்துவிடும். மேலே ஒரு குமிழ் நீட்டிக்கொண்டிருக்கும். அதன்மேல் கொட்டாப்புளியால் ஓங்கி ஒரு போடு போட வேண்டும்.

இந்தக் கொட்டாப்புளி நம் தச்சரின் மரக் கொட்டாப்புளி அல்ல. எடை இரண்டு மூன்று ராத்தல் இருக்கும். தலையின் ஒரு பக்கம் ரப்பர். யந்திரத்தை அடிக்கவும், கோணிய பலகையைத் தட்டிச் சேர்க்கவும் அதுவே போதும்.

அந்த ஒரே அடியில் இரண்டு வேலை நடக்கிறது. அடியின் வேகம் புதுப் பலகையைப் பழைய பலகையோடு இறுக்கித் தள்ளுகிறது. அதே கணத்தில் ஆணியும் இறங்குகிறது. இறுக்கமும் பிடிப்பும் ஒருங்கே கிடைப்பதால்தான் சாதாரண ஆணித் துப்பாக்கியைவிட இந்த யந்திரம் தரைக்குச் சிறந்தது என்கிறார்கள்.

"காலின் அளவு என்ன?"

அமெரிக்காவில் இத்தகைய யந்திரங்களை வாடகைக்குக் கொடுக்கும் கடைகள் ஊருக்கு ஊர் உண்டு. சொந்த வீட்டில் தாமே தரை போட நினைக்கும் ஒருவர் கடைக்குள் நுழைகிறார் என்று வைத்துக்கொள்ளலாம்.

"தரைக்கு ஆணி அடிக்கும் யந்திரம் வேண்டும். உள்ளதில் நல்லதாகக் கொடுங்கள்!"

"பலகையின் கனம் என்ன?"

"அது... பார்க்கவில்லையே!"

"என்ன மரம்?"

"நல்ல சிவப்பு நிறமாக இருக்கும்!"

அனுபவமுள்ள கடைக்காரர் சிரித்துவிடுவார். காலின் அளவைச் சொல்லாமல் செருப்புக் கேட்பது போன்ற கதைதான் இது. யந்திரம் எவ்வளவு விலை உயர்ந்ததாக இருந்தாலும், பலகைக்குப் பொருந்தாவிட்டால் அது பகை.

ஆகவே முதலில் பலகையைப் பார்க்க வேண்டும். பலகைக்கு ஏற்ற ஆணியைத் தீர்மானிக்க வேண்டும். அந்த ஆணியை அடிக்கும் யந்திரத்தைக் கடைசியாகத் தேட வேண்டும். பலர் இதைத் தலைகீழாகச் செய்துவிட்டுப் பிறகு வருந்துகிறார்கள்.

கனம் என்ன?

முக்கால் அங்குலக் கனமுள்ள முழு மரப் பலகைக்கு வழக்கமாக 16 'கேஜ்' ஆணி உபயோகிப்பார்கள். கேஜ் என்பது ஆணியின் பருமனைக் குறிக்கும் எண். இதில் ஒரு வேடிக்கை உண்டு. எண் ஏற ஏற ஆணி மெலியும்! 16 கேஜைவிட 18 கேஜ் ஆணி மெல்லியது.

அரை அங்குலப் பலகை, அல்லது ஒட்டுப்பலகையின்மேல் கெட்டி மரத்தை மெல்லிய ஏடாக ஒட்டிய அடுக்குப் பலகை என்றால், நாக்கு இன்னும் மெல்லியதாக இருக்கும். அதற்கு 16 கேஜ் ஆணி ஆகாது. 18 அல்லது 20 கேஜ் ஆணிதான் பொருத்தம். பருத்த ஆணியை அடித்தால் நாக்கு பிளந்துவிடும். பிளந்த நாக்கு பிடிப்பைத் தராது. பிடிப்பு இல்லாத பலகை ஆடும். ஆடும் பலகை கத்தும். நள்ளிரவில் குழந்தையை எழுப்பியது அதுதான்!

யந்திரத்தின் அடித்தட்டும் கனத்துக்கு ஏற்றதாக இருக்க வேண்டும். முக்கால் அங்குலத்துக்கு உரிய தட்டை அரை அங்குலப் பலகையில் வைத்தால், ஆணி இறங்க வேண்டிய இடம் தவறிவிடும். பல யந்திரங்களில் இந்தத் தட்டை மாற்றிக்கொள்ள வசதி உண்டு. கடையை விட்டுப் புறப்படும் முன் அதைக் கேட்டு வாங்கிக்கொள்வது அவசியம்.

என்ன மரம்?

மரத்தின் கடினத்தை அளப்பதற்கு ஒரு சோதனை உண்டு. காப்ரியேல் யாங்கா என்ற ஆஸ்திரிய நாட்டு மர நிபுணர் 1906-ல் வகுத்தது. அரை அங்குலத்துக்குச் சற்றுக் குறைந்த விட்டமுள்ள எஃகுக் குண்டை, பாதி அளவு மரத்துக்குள் அழுத்த எவ்வளவு விசை தேவை என்று பார்ப்பார்கள்.

நம் தேக்கு மரத்துக்கு அந்த விசை ஏறத்தாழ 1,000 ராத்தல். அமெரிக்காவின் சிவப்பு ஓக் மரத்துக்கு 1,290. கெட்டி மேப்பிளுக்கு 1,450. ஹிக்கரிக்கு 1,820. பிரேசில் நாட்டிலிருந்து வரும் ஜட்டோபா மரத்துக்கோ 2,300-க்கும் மேல். 'பிரேசில் செர்ரி' என்று கடைகளில் விற்கும் சிவப்பு நிற மரம் இதுதான்!

ஓக் பலகையில் வெண்ணெயில் கத்தி போல இறங்கும் 16 கேஜ் ஆணி, ஜட்டோபாவில் நாக்கைப் பிளந்துவிடலாம். அல்லது பாதி வழியில் வளைந்து நின்றுவிடலாம். ஆகவே இத்தகைய கடின மரங்களுக்கு மெல்லிய 18 கேஜ் ஆணியையே பலரும் நாடுகிறார்கள். கடினமான மரத்துக்குக் கனமான ஆணி என்று நினைப்பது இயற்கை. ஆனால் உண்மை அதற்கு நேர் எதிர்!

கீழே என்ன?

மூன்றாவது கேள்வி, பலகைக்கு அடியில் என்ன இருக்கிறது என்பது. உத்திரத்தின்மேல் முக்கால் அங்குல ஒட்டுப்பலகை என்றால் இரண்டு அங்குல ஆணி பொருத்தம்.

சில வீடுகளில் உத்திரம் இருக்காது. சிமெண்டுத் தளத்தின்மேல் நேரே ஒட்டுப்பலகையைப் பதித்திருப்பார்கள். அங்கே இரண்டு அங்குல ஆணி அடித்தால், சாய்வாக இறங்கினாலும் ஒட்டுப்பலகையைத் துளைத்துக்கொண்டு போய்ச் சிமெண்டில் முட்டும். முட்டிய ஆணி மேற்கொண்டு இறங்காது. அதன் தலை நாக்கின்மேல் துருத்திக்கொண்டு நிற்கும். அடுத்த பலகை சேராது. அங்கே ஒன்றரை அங்குல ஆணிதான் சரி.

பல் ஆணியா? 'ப' ஆணியா?

தரைக்கு அடிக்கும் ஆணியில் இரண்டு ஜாதி உண்டு.

ஒன்று, பல் ஆணி. தட்டையான உடல். அதன் ஓரத்தில் ரம்பத்தைப் போலச் சிறு சிறு பற்கள். உள்ளே போன ஆணியை மேலே வரவிடாமல் அந்தப் பற்கள் கவ்விக்கொள்ளும். இதிலும் தலை ஒரு பக்கம் மட்டும் நீண்டிருப்பது 'எல்' ஆணி. இரு பக்கமும் நீண்டிருப்பது 'டி' ஆணி. ஒன்றுக்கு மட்டுமே உரிய யந்திரத்தில் மற்றொன்று போகாது.

மற்றொன்று, 'ப' என்ற எழுத்தைப் போல இரண்டு கால் கொண்ட ஆணி. காகிதத்தில் குத்தும் ஊக்கின் பெரிய அண்ணன்! பெரும்பாலும் பதினைந்தரை கேஜ். காலில் பசை பூசியிருக்கும். அடிக்கும்போது எழும் சூட்டில் பசை இளகி, பிறகு மரத்தோடு ஒட்டிக்கொள்ளும்.

எது நல்லது? இதில் தச்சர்களிடையே ஓயாத வாதம் உண்டு.

'ப' ஆணி மலிவு. இரண்டு கால் இருப்பதால் பிடியும் பலம். ஆனால் அந்தப் பிடி விட்டுக்கொடுக்காத பிடி. அமெரிக்காவில் குளிர்காலத்தில் வீட்டுக்குள் கணப்பு எரியும். காற்று உலர்ந்து பலகை சுருங்கும். கோடையில் ஈரம் ஏறிப் பலகை உப்பும். ஆண்டுதோறும் இந்த நடமாட்டம் உண்டு. பல் ஆணி பலகையோடு சேர்ந்து சற்றே அசைந்துகொடுக்கும். 'ப' ஆணி அவ்வளவு அசைந்து கொடுப்பதில்லை. தவிர, நாக்கு மெல்லியதாக இருந்தால் அகன்ற இரண்டு கால் அதைப் பிளக்கும் அபாயமும் உண்டு.

அதனால், ஓக் போன்ற நடுத்தர மரத்துக்கு இரண்டும் நடக்கும். அகலப் பலகைக்கும் கடின மரத்துக்கும் பல் ஆணியே மேல் என்பது பலருடைய அனுபவம். பலகை செய்த கம்பெனி பெட்டியோடு ஒரு குறிப்புத் தாள் வைத்திருக்கும். எந்த ஆணி என்று அதில் சொல்லியிருந்தால் அதுவே இறுதித் தீர்ப்பு. அதை மீறினால், பிறகு பலகைக்கு ஏதாவது நேர்ந்தால் உத்தரவாதம் கேட்க முடியாமல் போகலாம்.

கையா? காற்றா?

ஆணி தீர்மானமாகிவிட்டது. இனி யந்திரம்.

கையால் இயங்கும் யந்திரத்துக்குக் காற்றும் வேண்டாம், மின்சாரமும் வேண்டாம். கொட்டாப்புளியின் அடியே ஆணியை இறக்குகிறது. சில வகைகளில் ஒரே ஆணியை இரண்டு மூன்று அடியில் இறக்கலாம். ஒரு சிறிய அறைக்கு இது போதும். ஆனால் 1,440 ஆணி அடித்த பிறகு தோள்பட்டை என்ன சொல்லும் என்பதை யோசித்துக்கொள்ள வேண்டும்! களைத்த கை அடிக்கும் அடியில் பலம் குறையும். மாலையில் அடித்த ஆணி, காலையில் அடித்த ஆணியின் ஆழத்துக்கு இறங்காது.

காற்றில் இயங்கும் யந்திரத்தில் கொட்டாப்புளியின் வேலை பலகையை இறுக்குவதும், காற்றின் கதவைத் திறந்துவிடுவதும்தான். அழுத்தப்பட்ட காற்று ஆணியை இறக்கிவிடும். முதல் ஆணியும் ஆயிரமாவது ஆணியும் ஒரே ஆழம். ஆனால் கூடவே காற்று அழுத்தும் யந்திரமும் குழாயும் வேண்டும். இரண்டு மூன்று அறை என்றால் இதுவே சிறந்தது. ஒரே ஒரு முறை தரை போடுகிறவர் விலைக்கு வாங்க வேண்டியதில்லை. வாடகையே லாபம்.

முதல் ஆணி வெட்டுத் துண்டுக்கு!

யந்திரம் வந்தவுடன் ஆவலோடு நல்ல பலகையில் அடிக்கத் தொடங்குகிறவர்கள் உண்டு. அங்கேதான் ஆபத்து.

காற்றின் அழுத்தம் சதுர அங்குலத்துக்கு 70 முதல் 100 ராத்தல் வரை இருக்கலாம். அழுத்தம் குறைந்தால் ஆணித் தலை மேலே நிற்கும். மிகுந்தால் ஆணி ஆழமாகப் பாய்ந்து நாக்கை உடைக்கும். அதைவிட மோசமானது இன்னொன்று. ஆணி பாய்ந்த இடத்துக்கு நேர் மேலே, பலகையின் முகத்தில் சிறு மேடு கிளம்பும். அப்போது கண்ணுக்குத் தெரியாது. தரை முடிந்து, ஜன்னல் வழியே மாலை வெயில் சாய்வாக விழும்போது, எட்டு அங்குலத்துக்கு ஒன்றாக வரிசை வரிசையாக அம்மைத் தழும்பு போலத் தெரியும்!

அதனால், குறைந்த அழுத்தத்தில் தொடங்கி, வெட்டுத் துண்டுகளில் நாலைந்து ஆணி அடித்துப் பார்க்க வேண்டும். ஆணித் தலை நாக்கின் மூலையோடு சமமாகப் படியும்வரை அழுத்தத்தைச் சிறிது சிறிதாக ஏற்ற வேண்டும். பத்து நிமிஷம் செலவாகும். ஆனால் பல ஆண்டுத் துன்பம் மிச்சம்.

ஈரத்தையும் மறக்கக் கூடாது. பலகையை முன்கூட்டியே வீட்டுக்குள் கொண்டுவந்து வைத்து, வீட்டின் காற்றுக்குப் பழக்க வேண்டும். குறுகிய பலகையானால், அதற்கும் கீழ்த்தளத்துக்கும் உள்ள ஈர வித்தியாசம் நூற்றுக்கு 4 பங்குக்கு மேல் இருக்கலாகாது. அகலப் பலகையானால் 2 பங்கு. ஈரப் பலகையை எந்த யந்திரத்தாலும் காப்பாற்ற முடியாது.

சுவர் ஓரத்தில்...

எவ்வளவு உயர்ந்த யந்திரமானாலும் அது செய்ய முடியாத வேலை ஒன்று உண்டு. சுவரை ஒட்டிய முதல் சில வரிசைகளிலும் கடைசிச் சில வரிசைகளிலும் கொட்டாப்புளியை வீச இடம் இருக்காது. அங்கே விசையை அழுத்தினால் ஆணி பாயும் சிறிய துப்பாக்கியோ, சுத்தியோதான் கை கொடுக்கும். சுவரோரப் பலகைக்கு மேலிருந்தே ஆணி அடிக்க வேண்டி வரும். அந்தத் துளையை மரத்தூள் பசையால் அடைத்துவிடலாம். சுவருக்கும் பலகைக்கும் இடையே, மரம் உப்புவதற்காக முக்கால் அங்குலம் விடுவது வழக்கம். அதைச் சுவரோரச் சட்டம் மறைத்துவிடும்.

இந்த இரண்டாவது துப்பாக்கியையும் வாடகைக்கு எடுக்க மறந்துவிட்டு, கடைசி வரிசையில் கைபிசைந்து நிற்பவர்கள் ஏராளம்.

உஷார்!

ஆணித் துப்பாக்கி விளையாட்டுப் பொருள் அல்ல. 2001 முதல் 2005 வரை, எல்லா வகை ஆணித் துப்பாக்கிகளாலும் காயம்பட்டு அமெரிக்க ஆஸ்பத்திரிகளின் அவசர சிகிச்சைப் பிரிவுக்கு வந்தவர்கள் ஆண்டுக்குச் சராசரி 37,000 பேர்! அவர்களில் பலர் தொழிலாளர்கள் அல்ல. வீட்டில் தாமே வேலை செய்தவர்கள்.

கொட்டாப்புளியால் அடித்தால்தான் ஆணி பாயும் என்பதால் தரை யந்திரத்தில் அபாயம் சற்றுக் குறைவு. என்றாலும் கண்ணுக்குக் கண்ணாடி, காதுக்கு அடைப்பான் அவசியம். ஆணி சிக்கிக்கொண்டால், காற்றுக் குழாயைக் கழற்றிய பிறகே கை வைக்க வேண்டும். குழந்தைகளை அந்த அறைப் பக்கமே விடக் கூடாது.

கண்ணுக்குத் தெரியாத வேலை

மரத்தரையைப் பார்க்க வருகிறவர்கள் மரத்தின் நிறத்தைப் புகழ்வார்கள். மெருகைப் புகழ்வார்கள். ஆணியைப் பற்றி யாரும் பேசமாட்டார்கள். அது சரியாக இறங்கியிருந்தால், அப்படி ஒன்று இருப்பதே யாருக்கும் தெரியாது.

கடைக்குப் போகுமுன் ஒரு துண்டுக் காகிதத்தில் மூன்று விஷயங்களை எழுதிக்கொள்ள வேண்டும். பலகையின் கனம், மரத்தின் பெயர், கீழ்த்தளம் என்ன என்பது. கூடவே பலகையில் ஒரு வெட்டுத் துண்டையும் எடுத்துப் போனால் இன்னும் நல்லது. கடைக்காரருடைய கேள்விக்கு அதுவே பதில் சொல்லும்.

அதன் பிறகு நள்ளிரவில் தாய் எழுந்து நடந்தாலும் தரை வாய் திறக்காது. குழந்தையும் விழிக்காது!